சமரச மையத்தில் நான் அடித்த ஜோக்

விவாகரத்தைக்கூட ஒழுங்காக வாங்கத் தெரியாத மடையன் நான். சண்டை போட்டுப் பிரிகிறவர்களுக்கு வழக்கு இழுப்பது நியாயம். இருவரும் மனமொத்துப் பிரியலாம் என்று முடிவெடுத்த பிறகும் இரண்டு வாய்தா வாங்கியவன், எனக்குத் தெரிந்து புதுச்சேரியில் நான் ஒருவன்தான்.

எனக்கும் மலர்விழிக்கும் கல்யாணமாகிப் பத்து வருடம். பிரியப் பெரிய காரணம் ஒன்றும் கிடையாது. அவள் ஏதாவது பேச உட்காருவாள், நான் ஜோக் அடிப்பேன். (குழந்தைக்காக டாக்டரிடம் போனபோதும் அடித்தேன். டாக்டர் சிரித்தார். மலர் சிரிக்கவில்லை.) பிறகு அவள் அரியாங்குப்பத்தில் அக்கா வீட்டுக்குப் போய்விட்டாள். நான் ரெட்டியார்பாளையத்திலேயே இருந்துவிட்டேன். ஒன்றரை வருடம் கழித்து, சமரச மையத்தில் பேசி முடித்துக்கொள்ளச் சம்மதித்தோம்.

அவளுக்கு அவசரம். அரசுப் பள்ளி ஆசிரியை; ஆந்திராவுக்குள் கிடக்கும் நம் ஏனாமுக்கு மாற்றல் வந்திருந்தது. திங்கட்கிழமை அங்கே சேர வேண்டும். அதற்குள் ஒப்பந்தத்தில் கையெழுத்தாகிவிட்டால், அப்புறம் கோர்ட்டுக்கு வரும் நாளுக்கு மட்டும் லீவு போட்டால் போதும்.

வெள்ளிக்கிழமை மையத்து வாசலிலேயே சொல்லிவிட்டாள்.

"யோவ், அரை மணி நேரம். வாயை மூடிக்கினு உக்காரு. கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லு."

"சத்தியமா."

சமரசம் பேச வந்தவர் ஒரு வயதான வக்கீலம்மா. எல்லாம் நல்லபடியாகப் போனது. பிரிட்ஜ் அவளுக்கு, பீரோ எனக்கு. கடைசியாகப் பேனாவைத் திறந்துகொண்டு கேட்டார்: "இது ரெண்டு பேரும் மனசார எடுத்த முடிவுதானே?"

ஆமாம் என்று ஒரு வார்த்தை. என் வேலை அவ்வளவுதான்.

"மேடம், கல்யாணப் பொடவை எடுக்கப் போனதுலேர்ந்து இன்னிய வரைக்கும் நாங்க ரெண்டு பேரும் ஒத்துப்போன ஒரே விஷயம் இதுதான்" என்றேன்.

வக்கீலம்மா சிரித்துவிட்டார். அதுகூடப் பரவாயில்லை, மலரும் சிரித்துவிட்டாள். பத்து வருடமாக என் ஜோக்குக்குச் சிரிக்காதவள், நாள் பார்த்து அன்றைக்குச் சிரித்தாள்.

பேனா மூடப்பட்டது. "இப்படிச் சேர்ந்து சிரிக்கிறவங்களுக்கு நான் அவசரப்பட்டு எழுதித் தரமாட்டேன். ஒரு மாசம் யோசிச்சுட்டு வாங்க."

மலர் விடுவிடுவென்று மாடிப்படி இறங்கி, பஸ் ஸ்டாண்டுக்கு நடையைக் கட்டினாள்.

அடுத்த மாதம் பதினாறு மணி நேரம் ரயிலில் உட்கார்ந்து, கசங்கிய புடவையோடு நேராக மையத்துக்கு வந்தாள். நான் முன்ஜாக்கிரதையாக இருந்தேன். இழவு வீட்டு முகத்தை மாட்டிக்கொண்டு, எல்லாவற்றுக்கும் "ம்" என்றேன்.

வக்கீலம்மா என்னை உற்றுப் பார்த்தார். "போன தடவை நல்லாப் பேசினீங்களே. யாராவது மிரட்டிக் கூட்டிக்கினு வந்தாங்களா?"

"இல்ல மேடம்." (குரல் தழுதழுத்தது. நடிப்பு கொஞ்சம் கூடிவிட்டது.)

"எனக்குச் சரியாப் படல. இன்னொரு நாள் தனித்தனியாப் பேசணும்."

மலர் என் பக்கம் திரும்பினாள். "யோவ், ஒரு ஜோக் சொல்லித் தொலைய்யா."

வாழ்க்கையில் முதல்முறையாக எனக்கு ஒன்றும் வரவில்லை. மின்விசிறியைப் பார்த்தேன், காலண்டரைப் பார்த்தேன். வாயைத் திறந்தேன், காற்றுதான் வந்தது. மறுபடியும் பதினாறு மணி நேரம்.

மூன்றாவது முறை, தனியாகக் கேட்டபோது, "அவ பேசினப்பல்லாம் நான் சிரிச்சிக்கினு இருந்தேன் மேடம். இனிமேலாவது அவ நிம்மதியா இருக்கட்டும்" என்றேன். வக்கீலம்மா பேனாவைத் திறந்தார்.

இன்றைக்கும் என் தங்கை வீட்டில் நான் தொண்டையைக் கனைத்தால் போதும். "மாமா வாய்தா வாங்கப் போறாரு" என்கிறார்கள், அவள் பிள்ளைகள்.

தீர்ப்பு வந்த அன்று கோர்ட் வாசலில் மலர் ஆட்டோவில் ஏறிக்கொண்டிருந்தாள். ஓடிப்போய் நின்றேன்.

"மலரு, அன்னிக்கு ஒரு ஜோக் கேட்டியே. இப்பதான் ஒண்ணு தோணுது. சொல்லட்டா?"

"ரயிலுக்கு நேரமாவுது."