யோசெப் துரைக்கு நான் வழிவிட்ட கதை

எனக்கு நடிக்க வராது. இதைத் தனியாகத் தெரிந்துகொண்டிருந்தால் பரவாயில்லை. லுணுகலை டவுன் முழுக்க, "டீவில வரப்போறேன்" என்று சொல்லி முடித்த பிறகு தெரிந்துகொண்டேன்.

இலங்கை மலையகத்தின் மடுல்சீமையில், எங்கள் தேயிலைத் தோட்டத்துக்கு ஸ்லோவாக்கியாவிலிருந்து தொலைக்காட்சித் தொடர் எடுக்க வந்தார்கள். வெள்ளைக்காரத் துரைகள் காலத்துக் கதை. டியூஷன் மாஸ்டரான நான் ஆங்கிலத்தைத் தமிழாக்கப் போனேன். போன இடத்தில் ஒரு வேஷமும் கிடைத்தது. துரை வரும்போது பாதை நடுவில் நின்று, "நகர மாட்டேன்" என்று சொல்லும் தொழிலாளி. தொழிலாளர் உரிமை பற்றி அலமாரி நிறையப் படித்தவன், மே தின மேடையில் மைக்கை விடாதவன்; எனக்கென்றே எழுதியது போலிருந்தது. (கொழுந்து எடுக்கும் என் மனைவி செல்விக்குக் கூட்டத்தில் நிற்கும் வேலை. வசனம் இல்லையே என்று அவளுக்காக வருத்தப்பட்டேன்.)

துரையாக நடித்தவர் யோசெப். நாற்பது வருஷமாகச் சின்னச் சின்ன வேஷங்கள்: பொலிஸ்காரர், பாதிரியார், டாக்டர், இரண்டு முறை பிணம். தேநீரில் பிஸ்கட்டை நனைத்தபடி கூச்சத்தோடு சொன்னார்:

"எங்கள் ஊரில் என் முகம் எல்லோருக்கும் தெரியும், பெயர் யாருக்கும் தெரியாது. கடையில் பார்த்தால், 'எங்கள் வீட்டு ஃப்ரிட்ஜைத் திருத்த வந்தது நீங்கள்தானே?' என்பார்கள்."

"நீங்கள் என்ன சொல்வீர்கள்?"

"இப்போது நன்றாக ஓடுகிறதா என்று கேட்பேன்."

அந்த மனிதர்தான் காக்கி அரைக்கால்சட்டையும் கைத்தடியுமாகச் சரிவில் இறங்கி வந்தார். கத்தவில்லை. லேசாகத் தொண்டையைச் செருமினார், அவ்வளவுதான். என் கால்கள் பாதையோரம் மழைத்தண்ணீர் ஓடும் கானுக்குள் இறங்கிவிட்டன. துரையைக் கண்டால் கானில் இறங்கி, தலைத்துண்டை அவிழ்த்து, சலாம் போட்டு நின்ற பரம்பரை எங்களுடையது. நான் படித்ததெல்லாம் கால்வரைக்கும் இறங்கியிருக்கவில்லை.

இரண்டாவது முறை கால்களை அடக்கினேன். கை தலைத்துண்டை அவிழ்த்தது. மூன்றாவது முறை கையும் காலும் சொன்னபடி கேட்டன. வாய், "சலாங்க தொர" என்றது. கேட்டதும் கால்களும் மனம் மாறி மறுபடி கானில் இறங்கின.

டைரக்டர் ஆங்கிலத்தில் ஏதோ உறுமினார். மொழிபெயர்ப்பாளன் நான்தானே, கூட்டத்துக்கு நானே சொல்லவேண்டியிருந்தது: "என்னய மாத்தச் சொல்றாரு."

செல்வி கூடையோடு முன்னால் வந்தாள். "அத நான் சொல்றேன்."

"ஏய், தொர முன்னாடி சொல்லணும்."

"காலையில வேலை பிரிக்கிற பெரட்டுல கங்காணிகிட்டச் சொல்றது தானே. நீங்க சும்மா இருங்க."

ஒரே டேக். அவள், "நகர மாட்டேங்க" என்றதும் யோசெப் ஓரடி பின்வாங்கினார். கதையில் அது இல்லை.

மாலையில் அவர் வந்து என் கையைப் பிடித்துக்கொண்டார். "நாற்பது வருஷத்தில் எனக்கு ஒரு விருதும் கிடைத்ததில்லை. இன்று நீங்கள் மூன்று கொடுத்தீர்கள்."

தொடர் வெளியானபோது மகள் ஃபோனில் தேடிக் கண்டுபிடித்தாள். பாதை நடுவில் செல்வி ஸ்லோவாக் மொழியில் மறுக்கிறாள். அவளுக்குப் பின்னால், கானைவிட்டு ஏற மறந்து, தலைத்துண்டும் கையுமாக நான். டவுனில் சொன்னது பொய்யாகவில்லை.

இப்போதெல்லாம் வீட்டில் செல்வி குரலை உயர்த்தினால், மகள் புத்தகத்திலிருந்து தலையைத் தூக்காமலே சொல்கிறாள்:

"அப்பா, கான் அந்தப் பக்கம்."