இடது பக்கத்திலிருந்து வந்த பேச்சு

திருச்செங்கோடு,
செவ்வாய்க்கிழமை.

மரியாதைக்குரிய மச்சான் அர்த்தநாரி அவர்களுக்கு, உங்கள் தங்கை தமிழ்ச்செல்வியின் வீட்டுக்காரன் பூபதி வணக்கத்துடன் எழுதுவது. இங்கே நானும், மகள் தீபிகாவும், பட்டறையில் பழுதுக்கு வந்து நிற்கும், போர்வெல் போடும் ரிக் வண்டிகளின் கம்ப்ரசர்களும் நலம். சேலம் அஸ்தம்பட்டியில் நீங்களும் சாலம்மாள் அக்காவும் நலமாக இருப்பீர்கள். போன வாரம் என்மேல் கோபித்துக்கொண்டு உங்கள் வீட்டுக்கு வந்த தமிழ்ச்செல்வியும் நலமாகத்தான் இருப்பாள். என்னைத் திட்டத் திட்ட அவளுக்கு உடம்பு தேறும்.

இந்தக் காலத்தில் கடிதமா என்று சிரிக்காதீர்கள். நீங்கள் போனை ஸ்பீக்கரில் போட்டுத்தான் பேசுவீர்கள். என் குரல் கேட்டதும் அவள் பிடுங்கிக் கட் செய்துவிடுகிறாள். பட்டறை மணியன் நாளைக்குச் சாமான் வாங்கச் சேலம் வருகிறான், அவனிடம் கொடுத்தனுப்புகிறேன்.

முதலில் நன்றி. தீபிகா பிளஸ் டூ முடித்தபோது, "புள்ள மனசப் பத்திப் படிக்கட்டும் மாப்ள" என்று நீங்கள் சொன்னீர்கள். "மனசுல படிக்கறதுக்கு என்னங்க மச்சான் இருக்குது?" என்று கேட்டவன் நான். பத்தாவதையே இரண்டு தவணையில் முடித்தவனுக்கு வேறென்ன கேட்கத் தெரியும்? அந்தப் படிப்பு என் குடும்பத்தையே காப்பாற்றப் போகிறது மச்சான். எப்படி என்று சொல்கிறேன்.

காலேஜில் அவளுக்கு ஒரு வேலை கொடுத்தார்கள். மனிதர்கள் எப்படி நடந்துகொள்கிறார்கள் என்பதை, எதையும் தொடாமல், மாற்றாமல், உள்ளது உள்ளபடி பார்த்துச் சொல்ல வேண்டும். விவரண ஆராய்ச்சி என்று பெயராம். வேலையைத் தொடாமல் பார்த்துக்கொண்டே நிற்பதற்குக் காலேஜ் எதற்கு, என் பட்டறையில் நாலு பேர் அதைத்தானே செய்கிறார்கள் என்று நினைத்தேன். எதிரே காளியண்ணன் பேக்கரியில் டீக்கு நிற்கும் ஆண்கள் எப்படிப் பேசிக்கொள்கிறார்கள் என்று ஓரமாக உட்கார்ந்து பார்க்கப் போனாள். பெற்றவன் சும்மா இருக்கலாமா? முந்தின நாளே போய், "என்ற பொண்ணு உங்களையெல்லாம் ஆராய்ச்சி பண்ண வாரா, பாத்து நடந்துக்கங்க" என்று எல்லோரிடமும் சொல்லிவைத்தேன். மறுநாள் பார்த்தால் ரிக் டிரைவர்கள் அத்தனை பேரும் தலைசீவி, திருநீறு பூசி, இஸ்திரிச் சட்டையோடு நிற்கிறார்கள். "நீங்க குடிங்க." "அட, நீங்க மொதல்ல குடிங்க." "இல்லீங்க, பெரியவங்க நீங்க." டீ ஆறிப்போனது. காளியண்ணன் ஐந்து நிமிஷத்துக்கு ஒரு பப்ஸ் கொண்டுவந்து, "சாப்புடு சாமி, எங்க கடையப் பத்தி நல்லதா எழுது" என்கிறார். வீட்டுக்கு வந்து பிள்ளை அழாத குறை. "பாக்கறாங்கன்னு தெரிஞ்சா மனுசன் மாறிருவான்ப்பா! உங்கள யாரு சொல்லச் சொன்னாங்க?"

சரி, பிராயச்சித்தமாக அடுத்ததில் உதவலாம் என்று அவளுடைய கேள்வித்தாள்களை நானே பட்டறையில் கொடுத்தேன். மனைவியுடன் தினமும் எவ்வளவு நேரம் பேசுவீர்கள் என்பது ஒரு கேள்வி. ஆள் ஆளுக்கு, "நீங்க என்னங்க போட்டீங்க?" என்று என்னைக் கேட்டார்கள். நான் இரண்டு மணி நேரம் என்று போட்டிருந்தேன் (அதுவே பொய்). எல்லோரும் அதையே போட்டார்கள். கல்யாணமே ஆகாத மணியனும் மனைவியோடு தினம் இரண்டு மணி நேரம் பேசுகிறான்.

மிச்சமிருந்தது, ஒரே ஒரு ஆளை எடுத்துக்கொண்டு ஆழமாகப் பார்ப்பது. "உங்களையே எடுத்துக்கறேன்ப்பா" என்றாளாம், நானும் சரி என்றேனாம். எனக்கு ஞாபகமில்லை. அதனால்தான் நான் திருநீறு பூசாமல், உள்ளபடி மாட்டிக்கொண்டேன்.

இதற்கு நடுவில்தான் மச்சான், அந்த ராத்திரிச் சாப்பாடு. உங்கள் தங்கை ரசம் ஊற்றிக்கொண்டே, "ஏனுங்க, நான் எங்கண்ணன் ஊட்டுக்குப் போறேனுங்க, இனி வரமாட்டேன்" என்றிருக்கிறாள். நான், "செரி செரி, உப்பு கொஞ்சம் கம்மி" என்றேன். மறுநாள் பட்டறையிலிருந்து வந்து, காப்பி எங்கே என்று வீடு முழுக்க அவளைத் தேடியிருக்கிறேன். இதை நான் வேண்டுமென்று செய்யவில்லை என்று யாரிடம் போய்ச் சொல்வேன்?

முந்தாநாள் தீபிகா என்னை உட்காரவைத்துச் சொன்னாள்: சாப்பிடும்போது வலது பக்கத்திலிருந்து பேசினால் நான் பதில் சொல்கிறேன், இடது பக்கத்திலிருந்து பேசினால் பத்துக்கு ஒன்றுக்குத்தான் சொல்கிறேன். வலது பக்கம் அவள் உட்காருவாள். சமையலறை இடது பக்கம், அதனால் தமிழ்ச்செல்வி இடது பக்கம். எனக்குப் பளிச்சென்று விளங்கிவிட்டது. காது! கம்ப்ரசர் ஓடும்போது நான் இடது காதைத்தான் கொடுத்து நிற்பேன். இருபத்தைந்து வருஷச் சத்தம், போகாமல் என்ன செய்யும்? தீபிகா, "நடக்கறத மட்டுந்தான் நான் சொல்ல முடியும்ப்பா. ஏன் நடக்குதுன்னு இந்த ஆராய்ச்சி சொல்லாது" என்று என்னவோ இழுத்தாள். நான் எங்கே கேட்டேன்? செவிடு என்று தெரிந்து இவ்வளவு சந்தோஷப்பட்டவன் கொங்கு நாட்டிலேயே நான் ஒருவனாகத்தான் இருப்பேன். பட்டறையில் எல்லோருக்கும் லட்டு வாங்கிக் கொடுத்தேன்.

ஆகவே மச்சான், இந்தக் கடிதத்தைத் தமிழ்ச்செல்விக்குச் சத்தமாகப் படித்துக் காட்டுங்கள். அவள் பேச்சை நான் மதிக்காமல் இல்லை, என் காதுக்கு எட்டவில்லை, அவ்வளவுதான். இனி அவள் வலது பக்கம் உட்காரட்டும், சமையலறையை வேண்டுமானால் இடித்து மாற்றுகிறேன். அவள் இல்லாத வீட்டில் இரண்டு காதுக்கும் ஒன்றும் கேட்கவில்லை. அவளை அனுப்பிவையுங்கள்.

சாலம்மாள் அக்காவுக்கு என் வணக்கம். உங்கள் பேரப்பிள்ளைகள் எல்லாம் நன்றாகப் படித்து, பெற்றவர்களை ஆராய்ச்சி செய்யாமல் வாழ்க. திருச்செங்கோட்டு ஈசுவரன் உங்களுக்கு ஒரு குறையும் வைக்கக் கூடாது.

என்றும் உங்கள் நன்றி மறவாத
பூபதி

பின்குறிப்பு: படித்துக் காட்ட வேண்டாம்! மேலே எழுதி முடித்த கையோடு தீபிகா என்னைக் காது டாக்டரிடம் இழுத்துப்போய்விட்டாள். கண்ணாடி அறையில் உட்காரவைத்து, காதில் ஹெட்போன் மாட்டி, கீச்சுக் கீச்சென்று சத்தம் விட்டுப் பார்த்தார்கள். இரண்டு காதும் சுத்தம். "இந்த வயசுல இப்படிக் காது நான் பாத்ததில்லீங்க. அதுலயும் இடது காது இன்னும் கூர்மை" என்று டாக்டர் கைகொடுக்கிறார். ஆட்டோவில் ஏறியதும் தீபிகா, "இடது பக்கம் காதும் இருந்துச்சு, அம்மாவும் இருந்தாங்க. நீங்களாத்தான் காதுன்னு முடிவு பண்ணிட்டீங்க" என்றாள். ஆட்டோக்காரர்கூடத் திரும்பிப் பார்த்தார். எழுதினதைக் கிழித்திருக்கலாம், உங்களுக்குச் சொன்ன நன்றி நிஜம் என்பதால் மனசு வரவில்லை. நாளைக்கு மணியன் பின்னாலேயே வண்டியில் உட்கார்ந்து நானும் வருகிறேன். அவள் எந்தப் பக்கம் வேண்டுமானாலும் உட்கார்ந்து எவ்வளவு வேண்டுமானாலும் பேசட்டும். எனக்குச் சொல்லிக்கொள்ள இனி ஒரு சாக்கும் இல்லை.