ஜனாதிபதியின் முதுகில் ஒட்டிய கடிதம்

ஹாசல் கிரீக், மேற்கு வர்ஜீனியா
4 நவம்பர் 1967, சனிக்கிழமை இரவு, போர்வைக்குள்

பெருமதிப்புக்குரிய ஓபல் அத்தைக்கு,

உங்கள் அண்ணன் மகள் மேவிஸ் மிகுந்த மரியாதையுடன் எழுதிக்கொள்வது. இங்கு அப்பாவின் கணுக்காலைத் தவிர மற்ற அனைவரும் நலம். அங்கு நீங்களும் உங்கள் பூனையும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். போன ஞாயிறு நீங்கள் கொண்டுவந்த ஆப்பிள் பை அருமையாக இருந்தது. அடிமாவு வேகவில்லை என்று தாத்தா சொன்னதை மனதில் வைத்துக்கொள்ளாதீர்கள். உங்கள் அப்பாதானே. கண் ஆபரேஷன் முடிந்து புதுக் கண்ணாடி போட்டதிலிருந்து எல்லாவற்றையும் இப்படித்தான் உற்றுப் பார்க்கிறார்.

அத்தை, இதைப் படித்ததும் அடுப்பில் போட்டுவிடுங்கள். நான் ஒரு குற்றம் செய்துவிட்டேன். அது எனக்கும் கடவுளுக்கும் மட்டும்தான் தெரியும். இப்போது மூன்றாவதாக உங்களுக்கு.

அக்டோபர் பதினேழாம் தேதி பள்ளிவிட்டு வரும்போது வழக்கம்போல் தபால் பெட்டியைத் திறந்தேன். உள்ளே இரண்டு சர்க்கார் உறைகள். ஒன்று தாத்தாவுக்கு: கண் ஆபரேஷன் செலவை, வயதானவர்களுக்காக ஜனாதிபதி கொண்டுவந்த மெடிகேர் காப்பீடு கட்டிவிட்டது என்று. மற்றது விர்ஜில் அண்ணனுக்கு. அது ராணுவத்துக்கு வரச் சொல்லும் உத்தரவு என்று பிரிக்காமலே எனக்குத் தெரிந்துவிட்டது. முகவரியில் இருந்த 'e' எல்லாம் வரியைவிட்டு மேலே குதித்துக்கொண்டிருந்தது. என் பிறந்தநாள் வாழ்த்தை நீங்கள் ஆபீஸ் மெஷினில்தானே அடித்து, அந்தப் பழுப்புக் காகித நாடாவை நாக்கால் நனைத்து ஒட்டி அனுப்புவீர்கள்? அதே குதிக்கும் 'e'. ராணுவத்துக்கு ஆள் எடுக்கும் ஆபீசில் நீங்கள் வேலை பார்ப்பதைப் பற்றி நான் ஒன்றும் சொல்லவில்லை. "நான் வெறும் டைப் அடிக்கிறவ"ன்னு நீங்களே நூறு தடவை சொல்லியிருக்கீங்க. ஆனால் சொந்த மருமகன் பெயரை அடிக்கும்போது உங்களுக்குக் கை வலிக்கவில்லையா என்று மட்டும் யோசித்தேன்.

உறையை ஒளிக்க இடம் தேடினேன். என் மெத்தையை அம்மா சனிக்கிழமைதோறும் புரட்டுவார். கொட்டகையில் எலி. கடைசியில் கூடத்துச் சுவரில் தொங்கும் ஜனாதிபதி படத்தைக் கழற்றி, பள்ளிப் பசையைத் தடவி, அவர் முதுகில் ஒட்டி மாட்டிவிட்டேன். அவர் அனுப்பிய கடிதத்தை அவரே வைத்துக்கொள்ளட்டும் என்று நினைத்தேன். எவ்வளவு கெட்டிக்காரி நான் என்று பூரித்துப் போய் இரவு இரண்டு ரொட்டி கூடுதலாகத் தின்றேன். மூன்றாவதைக் கடிக்கும்போதுதான் அப்பாவின் பழக்கம் ஞாபகம் வந்தது.

எங்கள் வீட்டுச் சண்டை உங்களுக்குத் தெரியாததா! ஆறரை மணிச் செய்தியில் வியட்நாமில் இத்தனை பேர் செத்தார்கள் என்று சொன்னால் அப்பா எழுந்துபோய், பள்ளியில் குறும்பு செய்த பையனை மூலையில் நிறுத்துவது மாதிரி, ஜனாதிபதியைச் சுவரைப் பார்க்கத் திருப்பிவிடுவார். "நிக்கட்டும். புத்தி வர்ற வரைக்கும் நிக்கட்டும்" என்பார். காலையில் அம்மா வந்து நேராகத் திருப்புவார். "எனக்கு வேலை குடுத்த மனுஷன். ஏழைப் புள்ளைங்களுக்குப் பள்ளிக்கூடம் தொறந்து, அங்க சமைக்கவும் முட்டியில அடிபட்டா பிளாஸ்திரி ஒட்டவும் என்னைக் கூப்பிட்ட மனுஷன். அவர் மூஞ்சியைப் பாத்துட்டுத்தான் நான் வேலைக்குப் போவேன்." அதற்கு அப்பா, "உனக்கு வேலை குடுத்தாரு, சரி. எத்தனை வீட்ல புள்ளையை எடுத்துக்கிட்டாரு, அதைச் சொல்லு" என்பார். அப்புறம் இருவரும் தாத்தாவைப் பார்ப்பார்கள். தாத்தா, "எனக்குக் கண்ணு குடுத்திருக்காரு, நான் வாயைத் தொறக்க மாட்டேன்" என்று உருளைக்கிழங்கைப் பார்த்துக்கொள்வார்.

இப்போது புரிகிறதா அத்தை? அப்பா ஒரே ஒரு முறை கோபப்பட்டால் போதும். ஜனாதிபதி சுவரைப் பார்ப்பார், விர்ஜிலின் கடிதம் எங்கள் எல்லோரையும் பார்க்கும்.

ஆகவே இந்தப் போரை வெறுக்கிற நான் அன்றிலிருந்து ஜனாதிபதிக்காக வேலை பார்க்க வேண்டியதாகிவிட்டது. முதலில் செய்தித்தாளை எடுத்து முயல் கூண்டில் விரித்தேன். பிறகு ஆறு இருபத்தைந்துக்குப் பின்பக்கம் போய் டிவி ஆன்டெனாக் கம்பத்தைத் திருப்பிவிட்டேன். டிவி முழுக்க ஒரே வெள்ளைப் புள்ளி. அப்பா அதைச் சரிசெய்ய, எதற்கும் கையோடு வைத்திருப்பாரே, அந்தக் கறுப்பு டேப்பை எடுத்துக்கொண்டு கூரைமேல் ஏறினார். பதினெட்டு வருஷமா மின்கம்பம் ஏறி ஒரு கீறல் வாங்காத மனுஷன், சொந்த வீட்டுக் கூரையிலேர்ந்து அம்மாவோட முட்டைக்கோஸ் பாத்தியில விழுந்தாரு. கணுக்கால் பிசகி ஒன்பது நாள் வேலைக்குப் போகவில்லை. அந்த ஒன்பது நாளும் எங்கே உட்கார்ந்திருந்தார் என்று கேளுங்கள். ஜனாதிபதிக்கு நேர் எதிரே! நான் பள்ளியில் கணக்குப் பாடத்தில் உட்கார்ந்து, இந்நேரம் எழுந்திருப்பார், இந்நேரம் நொண்டிக்கொண்டே போயிருப்பார் என்று நகத்தைக் கடித்துக் கடித்து இப்போது கடிக்க ஒன்றுமே மிச்சமில்லை.

சாப்பாட்டு மேசையில் நான் ஜனாதிபதியைப் புகழ ஆரம்பித்தேன். "அப்பா, அவர் இல்லேன்னா தாத்தாவுக்குக் கண்ணே தெரிஞ்சிருக்காது இல்ல?"

"என்னடி, அவருக்கு ஓட்டுக் கேக்குறியா? உனக்கே பன்னெண்டு வயசுதான் ஆகுது."

"பெரியவளானா போடுவேன்."

"நீ பெரியவளாகுறதுக்குள்ள இந்தச் சண்டை முடியட்டும்" என்றார் விர்ஜில். எல்லோரும் சட்டென்று பீன்ஸைப் பார்த்தார்கள்.

தாத்தா வேறு ஒரு பக்கம் உயிரை எடுக்கிறார். "அந்தப் படம் செவுத்தை விட்டு முன்னால வந்து நிக்குதே. நாளுக்கு நாள் தடிக்குது" என்கிறார். அவருக்கு முன்போல் கண் தெரியாமலே இருந்திருக்கலாம் என்று ஒரு நிமிடம் நினைத்துவிட்டேன். கடவுள் மன்னிக்கட்டும். ஒரு நாள் மெதுவாக, "தாத்தா, ஒருத்தர் கடிதத்தை இன்னொருத்தர் எடுத்து வெச்சா என்ன பண்ணுவாங்க?" என்று கேட்டேன். "சர்க்கார் கடிதமா?" என்றார். "சும்மா ஒரு பேச்சுக்கு." "அஞ்சு வருஷம் உள்ள தள்ளுவான்" என்றார். நான் வெளியே வரும்போது எனக்குப் பதினேழு வயதாகியிருக்கும், அத்தை. இன்னொரு நாள், "ஜனாதிபதிகிட்ட கண்ணைத் திருப்பிக் குடுத்துட்டா அவர் வேற எதையாவது விட்டுக்குடுப்பாரா?" என்று கேட்டேன். என்னையே கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்தார். "ரெண்டையும் கேக்காதே. ஒண்ணு வேணா தரலாம்" என்றார்.

ஆனால் என் பிரசாரம் பலித்துவிட்டது! போன புதன்கிழமை செய்தி எப்போதையும்விட மோசம். அப்பா எழுந்தார். நொண்டிக்கொண்டே படத்திடம் போனார். நான் கண்ணை மூடிக்கொண்டேன். திறந்து பார்த்தால், கோணலாக இருந்த படத்தை நேராக்கிவிட்டு வந்து உட்கார்ந்துவிட்டார்! அம்மாகூட இப்போதெல்லாம் தூசி தட்டும்போது படத்தைத் தொடுவதில்லை, சுற்றிலும் தட்டுகிறார். அவ்வளவு மரியாதை. ஒரு காலுறையைக்கூடக் குனிந்து எடுக்காத விர்ஜில் அண்ணனும் திருந்திவிட்டார். தினமும் வேலை முடிந்து வந்து விறகு பிளக்கிறார். இரண்டு குளிர்காலத்துக்கு அடுக்கியாகிவிட்டது. ஒரு நல்ல சொல் ஒரு குடும்பத்தையே எப்படி மாற்றுகிறது பாருங்கள்.

இதோடு நிறுத்தியிருக்கலாம். எங்கள் டீச்சர் 'ஜனாதிபதி நமக்குச் செய்த நன்மைகள்' என்று கட்டுரை எழுதச் சொன்னார். பழக்கதோஷத்தில் நான்கு பக்கம் எழுதித் தள்ளிவிட்டேன். ஊரிலேயே முதல் பரிசு. பரிசு என்ன தெரியுமா? ஜனாதிபதியின் படம். தங்கக் கலர் சட்டம், கண்ணாடி போட்டது, பழையதைப் போல இரண்டு மடங்கு. நேற்று கொடுத்தார்கள். அம்மா வாயெல்லாம் பல்லாக, "ஞாயித்துக்கிழமை சர்ச்சுக்குப் போயிட்டு வந்து பழசைக் கழட்டிட்டு இதை மாட்டணும்" என்று சொல்லிவிட்டு, ஏனோ உடனே முகம் வாடிப்போய் அடுப்படிக்குள் போய்விட்டார். அப்பா, "பழசே நல்லாத்தான இருக்கு" என்று முனகினார்.

நாளைதான் ஞாயிறு. ஆகவே இன்றிரவே உறையை எடுத்து இத்துடன் உங்களுக்கு அனுப்புகிறேன். உங்களிடம் நான் கேட்பது பெரிய உதவி ஒன்றும் இல்லை. இதை நீங்கள் அடிக்கவே இல்லை என்று வைத்துக்கொள்ளுங்கள். அல்லது உங்கள் மெஷின் கெட்டுப்போனதாகச் சொல்லுங்கள், ஓரிரண்டு வருடத்துக்கு. அல்லது விர்ஜிலின் ஃபைல் பீரோவுக்குப் பின்னால் விழுந்துவிட்டால் குனிந்து எடுக்காதீர்கள். உங்களுக்குத்தான் மூட்டுவலி ஆயிற்றே. அவர் இல்லாமல் இந்த வீட்டில் என்னைக் கேலி செய்ய யார் இருக்கிறார்கள்? அப்பாவுக்கும் அம்மாவுக்கும் ஒன்றும் தெரியாது, பாவம். அவர்களுக்குத் தெரியவே வேண்டாம்.

உங்கள் மூட்டுவலி குறையவும், பூனை சுகமாகக் குட்டி போடவும், ஆள் எடுக்கும் ஆபீஸ் சீக்கிரம் மூடப்பட்டு உங்களுக்கு வேறு நல்ல வேலை கிடைக்கவும் வேண்டிக்கொள்ளும்,

உங்கள் அன்பு மருமகள்
மேவிஸ்

பின்குறிப்பு: மேலே எழுதியது எதையும் நம்ப வேண்டாம். இப்போதுதான் கீழே போய் டார்ச் வெளிச்சத்தில் படத்தைக் கழற்றினேன். என் பசை எப்போதோ காய்ந்து உதிர்ந்துவிட்டிருக்கிறது. ஆனால் உறை விழவில்லை. அதன்மேல் குறுக்கே அப்பாவின் கறுப்பு டேப். அதற்கும் மேல் அம்மா பள்ளியில் ஒட்டுகிற பிளாஸ்திரி, நான்கு. அதற்கும் மேல், அத்தை, நாக்கால் நனைத்து ஒட்டிய பழுப்புக் காகித நாடா. போன ஞாயிறு ஆப்பிள் பை வெட்டும்போது "படம் கோணலா இருக்கே" என்று எழுந்து போனது நீங்கள்தானே?

உறையின் பக்கவாட்டில் பிளேடால் கீறியிருந்தது. உள்ளே கடிதம் அப்படியே இருக்கிறது. அடியில் பென்சிலால் விர்ஜில் அண்ணன் கையெழுத்து: "மேவிஸ், பசை உன் வேலைதானே? நான் முதல் வாரமே பாத்துட்டேன். 20ஆம் தேதி திங்கள், காலை ஏழு மணி, கோர்ட் வாசல்ல பஸ். அதுவரைக்கும் இங்கயே இருக்கட்டும். எனக்குத் தெரியும்னு யார்கிட்டயும் சொல்லிடாதே. பாவம், எல்லாரும் எவ்வளவு நல்லா ஒளிச்சு வெச்சிருக்காங்க!"

அதன் கீழே "சரி" என்று எழுதி, எல்லாவற்றையும் இருந்தபடியே மாட்டிவிட்டேன். ஜனாதிபதி நம்மைப் பார்த்துத்தான் இருக்கிறார். இருபதாம் தேதிக்கு இன்னும் பதினாறு நாள். நாளை சர்ச்சிலிருந்து வந்ததும் பரிசுப் படத்தை நான்தான் தூக்கிக்கொண்டு வருவேன். அது என் கையிலிருந்து தவறி விழுந்து கண்ணாடி சுக்குநூறாகிவிடும். யாரும் என்னைத் திட்ட மாட்டார்கள் என்று நினைக்கிறேன். நீங்கள் கேள்விப்பட்டால் ஆச்சரியப்பட்டுவிடுங்கள்.