அட்டைப்படத்தில் இருப்பது எங்கள் மாமா

மதிப்பிற்குரிய பதிப்பாசிரியர் அம்மையார் அவர்களுக்கு,

வணக்கம். தாங்களும், தங்கள் அலுவலகத்தாரும், சென்ற முறை நான் வந்திருந்தபோது விடாமல் இருமிக்கொண்டிருந்த பிழைதிருத்துபவரும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். இங்கு நாங்கள் அனைவரும் நலம் என்று எழுதுவது முறை. எழுதிவிட்டேன். இனி உள்ளதைச் சொல்கிறேன்.

தங்களுடைய ‘மறந்துபோன முன்னோடிகள்’ வரிசைக்கு என் அத்தையைப் பற்றி எழுதித் தருமாறு தாங்கள் கேட்டபோது, முப்பத்து நான்கு வருடம் தபால் அலுவலகத்தில் முத்திரை குத்திய இந்தக் கை பரபரத்தது உண்மைதான். துறைமுகத்தில் கடலடியில் இறங்கி வேலை பார்த்த முதல் பெண் தன் தங்கைதான் என்று என் அப்பா சொல்லிச் சொல்லிக் கேட்டவன் நான். அதை வைத்து நூற்றிருபது பக்கம் எழுதி அனுப்பினேன். தாங்கள் அதைத் திருப்பி அனுப்பினீர்கள். ஓரத்தில் பச்சை மையில் மூன்றே குறிப்புகள். புயல் வேண்டும். காதல் வேண்டும். வில்லன் வேண்டும். நானும் ஒரு மாதம் உட்கார்ந்து மூன்றையும் போட்டேன். பக்கம் முந்நூறைத் தொட்டது. அத்தை எங்கள் வீட்டு முன்னறையில்தான் இருக்கிறார், எண்பத்தேழு வயது, காது பாம்புக் காது. அவரை ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். அச்சாகி வந்ததும் கையில் கொடுத்துத் திக்குமுக்காட வைக்கலாம் என்று நினைத்தேன். திக்குமுக்காடிக்கொண்டிருப்பது நான்.

போன திங்கட்கிழமை தாங்கள் அனுப்பிய மெய்ப்புத் தாள்களும் அட்டைப்படமும் வந்து சேர்ந்தன. அத்தைக்குச் சின்ன எழுத்து தெரியாது. எனவே நானே எதிரில் நாற்காலி போட்டு, தொண்டையைச் செருமிக்கொண்டு, முதல் அத்தியாயத்தை ஏற்ற இறக்கத்தோடு வாசித்தேன். ‘மீனாகப் பிறக்க வேண்டியவள் பெண்ணாகப் பிறந்தாள். மூன்று வயதிலேயே அலைகளை வென்றாள்’ என்ற வரி வந்ததும் அத்தை கையைக் காட்டினார்.

“யாருடா அது?”

“நீங்கதான் அத்தை.”

“எனக்கு நீச்சலே தெரியாதே.”

அம்மையார் அவர்களே, சொல்லுங்கள், நான் என்ன செய்வது? கடலடியில் பதினோரு வருடம் வேலை பார்த்தவருக்கு நீச்சல் தெரியாதாம். எப்படி அத்தை என்று கேட்டால், என்னை ஒரு மாதிரி பார்க்கிறார். “உடம்பு முழுக்க ரப்பர்ச் சட்டை, தலையில பித்தளைச் சட்டி, கால்ல ஈயச் செருப்பு, நெஞ்சுலயும் முதுகுலயும் ஈயக்கட்டி. இதுல எங்கடா நீந்துறது? கீழ போகணும், நடக்கணும், வேலையை முடிச்சுட்டு மேல வரணும். அவ்வளவுதான்.” சரி, புயலாவது நிற்கும் என்று இரண்டாம் அத்தியாயத்துக்குப் போனேன். பனைமர உயரத்துக்கு அலை எழும்பும் இடத்தில் அத்தை சிரிக்க ஆரம்பித்தார். புயல் அடிக்கும்போது எந்தக் கிறுக்கனும் ஆளைக் கீழே இறக்க மாட்டானாம். கீழே அலையும் கிடையாதாம், மீனும் கிடையாதாம், இடுப்பளவு சேறுதானாம். கண்ணை மூடிக்கொண்டு கையால் தடவித் தடவித்தான் எல்லா வேலையுமாம். முப்பத்தெட்டுப் பக்கப் புயல், அம்மையார் அவர்களே. ஒரு சிரிப்பில் ஓய்ந்துபோயிற்று.

இவ்வளவோடு போயிருந்தால் நான் இந்தக் கடிதத்தை எழுதியிருக்க மாட்டேன். அத்தை அதன் பிறகு சொன்னதுதான் என் தலையில் கல்லைத் தூக்கிப் போட்டது. கடலடி ஆளாக வேலையில் சேர்ந்தவர் மாமாதான், அத்தையின் கணவர். மாமா கீழே இறங்குவார். கரையில், கிடங்கு வாசலில் உட்கார்ந்து, அவருக்குக் காற்று போகும் பம்ப்பைச் சுற்றுவது அத்தை. ஐந்து வருடம் இப்படி ஓடியது. ஆறாவது வருடம் மாமாவுக்குக் காதுக்குள் செவிப்பறை கிழிந்துவிட்டது. இனி ஒரு முறை இறங்கினால் ஆள் மிஞ்ச மாட்டார் என்று வைத்தியர் சொல்லிவிட்டார். வேலை போனால் துறைமுகம் கொடுத்திருந்த வீடும் போகும். “ரெண்டு நாள் யோசிச்சோம். மூணாவது நாள் நான் சட்டைக்குள்ள பூந்தேன்” என்கிறார் அத்தை, என்னவோ மழைக்குக் குடையை எடுத்துக்கொண்டு போனதுபோல. கிடங்குக்குள்ளேயே பித்தளைத் தலையை மாட்டி, முகத்துக் கண்ணாடியைத் திருகி மூடிவிட்டால் உள்ளே இருப்பது ஆணா பெண்ணா என்று யாருக்குத் தெரியும்? பத்தடி நடந்தால் ஏணி. ஏணியில் இறங்கினால் கடல்.

“அப்ப பம்ப்பைச் சுத்துனது யாரு அத்தை?”

“வேற யாரு? உங்க மாமாதான். என் துணியைக் கட்டிக்கிட்டு, முக்காடு போட்டுக்கிட்டு.”

“பதினோரு வருஷமுமா?”

“ஆமா. பாவம், வெயில் காலத்துல ரொம்பப் புழுங்கும் அவருக்கு.”

இந்த இடத்தில் தாங்கள் தயவுசெய்து அந்த அட்டைப்படத்தைக் கையில் எடுத்துப் பார்க்க வேண்டும். துறைமுகத்து ஆட்கள் சேர்ந்து எடுத்துக்கொண்ட பழைய புகைப்படம் ஒன்றை நான் அனுப்பியிருந்தேன் அல்லவா? அதில் பித்தளைத் தலையோடு ஓர் உருவமும், பக்கத்தில் முக்காடு போட்ட ஒரு பெண்ணும் நிற்கிறார்கள் அல்லவா? தங்கள் ஓவியர் அந்த முக்காட்டுப் பெண்ணின் கண்ணையும் புருவத்தையும் அப்படியே எடுத்து, கூந்தலை அலையில் பறக்கவிட்டு, இடுப்பை ஒடித்து நிற்க வைத்துவிட்டார். அத்தை அட்டையை வாங்கி ஜன்னல் பக்கமாகச் சாய்த்துப் பார்த்தார். கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு திரும்பவும் பார்த்தார். “இது உங்க மாமாடா” என்றார். பிறகு வெகு நேரம் அதை மடியிலேயே வைத்திருந்தார். என் மனைவி அடுப்படிக்குள் போய் வாயில் துணியை அடைத்துக்கொண்டு சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஐயாயிரம் அட்டை அச்சடித்தாகிவிட்டது என்று தாங்கள் எழுதியிருந்தது என் கண் முன்னால் வந்து நின்றது.

விஷயத்தைத் தொலைபேசியில் அரைகுறையாகச் சொன்னதும், ஆதாரம் வேண்டும் என்று தாங்கள் கேட்டீர்கள். கேட்பது சுலபம். மறுநாளே துறைமுகத்தின் பழைய ஆவண அறைக்குப் போனேன். அங்கே இருந்த எழுத்தரிடம், “ஐயா, இங்கே டைவராக இருந்த ஒருவரைப் பற்றிப் பார்க்க வேண்டும்” என்றேன். நல்ல மனிதர், உடனே எழுந்துபோய்த் தூசியும் தானுமாக ஒன்பது கட்டுகளைத் தூக்கி வந்து போட்டார். இரண்டரை மணி நேரம் புரட்டிய பிறகுதான் அவை லாரி டிரைவர்களின் பதிவேடுகள் என்று தெரிந்தது. “டைவருன்னு தெளிவாச் சொல்ல வேண்டாமா சார்?” என்று என்னையே கடிந்துகொண்டார். தெளிவாகத்தான் சொன்னேன், வேறு எப்படிச் சொல்வது? கடைசியில் உரிய பதிவேடு கிடைத்தது. அதில் பதினாறு வருடமும் மாமாவின் பெயர்தான் இருக்கிறது. அத்தையின் பெயர் ஒரே ஓர் இடத்தில் வருகிறது, ‘மனைவி, பம்ப் உதவி’ என்று. வீட்டுக்கு வந்து புலம்பினேன். அத்தை கொஞ்சமும் அசரவில்லை. “எழுதியிருந்தா அன்னைக்கே வீட்டைக் காலி பண்ணச் சொல்லியிருப்பான். எழுதாம இருந்ததாலதாண்டா நாங்க பொழைச்சோம்” என்றார். முன்னோடியாக இருந்த ஒருவர், யாருக்கும் தெரியாமல் போனதற்காகச் சந்தோஷப்பட்டால், மறந்துபோன முன்னோடிகள் வரிசையில் அவரை எப்படிச் சேர்ப்பது?

இப்போது வில்லனுக்கு வருகிறேன். தங்கள் பச்சை மைக்காக நான் உருவாக்கிய ‘ஈவிரக்கமற்ற மேஸ்திரி’. மேஸ்திரி என்று ஒருவர் நிஜமாகவே இருந்தார் என்பது எனக்குத் தெரியும், அவர் எப்படிப்பட்டவர் என்பது தெரியாது. எனவே கையில் சாட்டையைக் கொடுத்துவிட்டேன். அந்த அத்தியாயத்தை வாசித்தபோது அத்தை முதல் முறையாகக் கோபப்பட்டார். எண்பத்தேழு வயதில் அப்படி ஒரு குரல் வரும் என்று நான் எதிர்பார்க்கவில்லை.

“நிறுத்துடா! அந்த மனுஷனையா இப்படி எழுதின?”

நடந்தது இதுதான். கப்பல் பழுதுபார்க்கும் துறைக்குக் கடலுக்குள் பெரிய இரும்புக் கதவு ஒன்று உண்டு. வெளியூரிலிருந்து வந்த கடலடி ஆள் ஒருவர் அதைப் பார்க்க இறங்கியபோது, உத்திரம் ஒன்று சரிந்து அவருடைய காற்றுக் குழாய் அதன் அடியில் மாட்டிக்கொண்டது. அத்தை இறங்கினார். இருட்டுச் சேற்றில் தடவிப்போய், கடப்பாரையைக் கொடுத்து நெம்பி, இருபது நிமிடம் போராடி அந்த ஆளை விடுவித்து மேலே அனுப்பினார். பிறகு தானும் ஏணியைப் பிடித்து ஏறி, தலை தண்ணீருக்கு மேலே வந்தபோது மூச்சு திணறிக் கை நழுவியது. பம்ப்பை விட்டு நகர்ந்தால் காற்று நின்றுபோகும் என்பதால் மாமாவால் ஓடிவர முடியவில்லை. பக்கத்தில் நின்ற மேஸ்திரிதான் பாய்ந்து பிடித்து, ஏணியோடு சேர்த்து அணைத்துக்கொண்டு, காற்று வரட்டும் என்று முகத்துக் கண்ணாடியைத் திருகித் திறந்தார்.

“என் மூஞ்சியைப் பாத்தாரு. நான் அவரைப் பாத்தேன். போச்சு, வேலையும் போச்சு, வீடும் போச்சுன்னு நினைச்சேன். பின்னால முப்பது பேரு ஓடி வர்றாங்க. அவரு முதுகைக் காட்டி அப்படியே என்னை மறைச்சுக்கிட்டாரு. மூச்சு சீராகுற வரைக்கும் நின்னாரு. அப்புறம் கண்ணாடியைத் திருப்பி மூடிட்டு, எல்லாரையும் பாத்து, ‘ஆளு நல்லாத்தான் இருக்கான். போய் அவனவன் வேலையைப் பாருங்க’ன்னாரு.”

இருக்கான். அந்த ஒரு சொல்லோடு விஷயம் முடிந்தது. அதற்குப் பிறகு ஒன்பது வருடம் அந்த மனிதர் தினமும் தன் கையால் மாமாவின் பெயரைப் பதிவேட்டில் எழுதினார். ஒரு நாள்கூட வாய் திறந்து கேட்கவில்லை.

இவரைத்தான், அம்மையார் அவர்களே, நாம் இருவரும் சேர்ந்து சாட்டையோடு நிற்க வைத்திருக்கிறோம். தாங்களோ அதை வார இதழில் விளம்பரமாகவும் போட்டுவிட்டீர்கள். நேற்று அந்த மேஸ்திரியின் மகள் தொலைபேசியில் பிடித்துக்கொண்டார். ஓய்வுபெற்ற தலைமைச் செவிலியாம். ஊசி போடும் குரல். “எங்கப்பா ஒரு ஈ எறும்பை அடிச்சதில்ல. அவரு கையில நீங்க சாட்டையைக் கொடுக்கிறீங்களா? உங்க வீட்டு விலாசத்தைச் சொல்லுங்க, நேர்ல வரேன்” என்றார். சொன்னேன். சொல்லாமல் என்ன செய்ய?

ஆகவே நான் திட்டவட்டமாகக் கேட்டுக்கொள்வது: அச்சை நிறுத்துங்கள். புயலை எடுங்கள். சாட்டையைப் பிடுங்குங்கள். காதல் அத்தியாயத்தில் வரும் கப்பல் தலைவனை, அவன் பாடும் இரண்டு பாட்டுகளோடு சேர்த்து, கரையேற்றி அனுப்பிவிடுங்கள். அட்டையிலிருந்து மாமாவை விடுவியுங்கள். கடலுக்குள் போன முதல் பெண் நீச்சல் தெரியாத, கணவன் பெயரில் இறங்கிய, வீட்டைக் காப்பாற்றிக்கொள்ள இறங்கிய ஒரு பெண் என்று உள்ளது உள்ளபடி போடுங்கள். முடியாது என்றால் என் கையெழுத்துப் பிரதியைத் திருப்பி அனுப்பிவிடுங்கள். இதில் ஓர் எழுத்தும் நான் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

தங்கள் குடும்பத்தில் எல்லோருக்கும் நீண்ட ஆயுளும், பிழைதிருத்துபவருக்கு இருமல் நின்ற நெஞ்சும் வாய்க்க வேண்டும் என்று வேண்டிக்கொள்ளும்,

தங்கள் உண்மையுள்ள,
அத்தையின் அண்ணன் மகன்

பின்குறிப்பு: உறையை ஒட்டப் போகும் நேரத்தில் மேஸ்திரியின் மகள் வந்துவிட்டார். அத்தை நடந்ததைச் சொல்லி, அவர் கையைப் பிடித்துக்கொண்டு, “உங்கப்பா ஏம்மா என்னைக் காட்டிக்கொடுக்கல?” என்று கேட்டார். அந்த அம்மாள் சொன்னார்: “மேஸ்திரி ஆகுறதுக்கு முன்னால அப்பாவும் கடலடி ஆளுதான். தண்ணின்னா அவருக்குக் கை கால் உதறும். ரெண்டு வருஷம் சட்டையைப் போட்டுக்கிட்டு இறங்கினது எங்கம்மா.”

முன்னோடி என்று சொன்னபோதெல்லாம் கையை உதறிய அத்தை, இப்போது நிமிர்ந்து உட்கார்ந்து, “உங்கம்மா எத்தனை அடி இறங்கினாங்க?” என்று கேட்டார். முப்பது என்றதும், “நான் நாற்பது” என்றார். என் பக்கம் திரும்பி, அந்தப் புயலை எடுக்க வேண்டாம், யோசித்துப் பார்த்தால் ஒரு நாள் காற்று பலமாகத்தான் இருந்தது என்கிறார். ஆகவே மேலே நான் எழுதியதில் எதையும் தாங்கள் பொருட்படுத்த வேண்டாம்.

பிறகு அத்தை குரலைத் தாழ்த்தி, “தினம் குழாயடியில உங்கம்மாவைப் பாப்பேன். குடத்தை ரொப்பிக்கிட்டு ரெண்டு பேரும் பேசாமப் போயிடுவோம். ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே” என்றார். இப்போது அத்தையும் மேஸ்திரியின் மகளும் கையைக் கோத்துக்கொண்டு முன்னறையில் உட்கார்ந்திருக்கிறார்கள். புத்தகத்துக்கு ‘முதல் பெண்’ என்ற தலைப்பு அப்படியே இருக்கட்டும். யார் என்பதை அவர்கள் பேசி முடித்ததும் தந்தி போல ஒரு வரியில் தெரிவிக்கிறேன். இதுவரை மூன்று முறை முடிவெடுத்து மூன்று முறை மாற்றிவிட்டார்கள்.