வராதவன் அனுப்பும் கண்ணாடி

பாசமுள்ள தங்கச்சி வாலுவுக்கு,

அண்ணன் கட்டிலில் சாய்ந்தபடி எழுதுவது. இங்கே நான், முழங்காலுக்குக் கீழே தவிர, நலம். உன் நலமும், வீடு வீடாகக் கரண்ட் மீட்டர் பார்க்கும் மாப்பிள்ளை மீட்டர்காரர் நலமும் அறிய ஆவல்.

உன் கல்யாணத்துக்கு என்னால் வர முடியாது. உடனே முகத்தைத் தூக்காதே, இது கோபம் இல்லை, எலும்பு முறிவு. இருபத்தெட்டு வருஷத்துக்கு முன்னால், உன் முதல் கல்யாணப் பத்திரிகையில் என் பெயரைச் சித்தப்பா பெயருக்குக் கீழே போட்டார்கள் என்று முறைத்துக்கொண்டு வீட்டிலேயே உட்கார்ந்திருந்தேன். பரிசும் அனுப்பவில்லை. அந்த மனுஷன், உன் முதல் வீட்டுக்காரர், போய்ச் சேர்ந்து ஆறு வருஷம் ஆகிறது, அவரிடம் ஒரு வார்த்தை மன்னிப்புக் கேட்கவில்லை. இந்த முறையாவது முதல் ஆளாக வர நினைத்து, உனக்குக் கொடுக்க நம் பழைய வீட்டு முகக்கண்ணாடியை எடுக்கப் பரணில் ஏறினேன். ஏணி ஒரு பக்கம், நான் ஒரு பக்கம். கண்ணாடியில் ஒரு கீறல் இல்லை, எனக்கு மட்டும் இரண்டு எலும்பு போச்சு.

ஞாபகம் இருக்கா? பள்ளிக்கூடம் கிளம்பும்போது நீ அதை விட்டு நகரவே மாட்டாய். உன் தலைக்கு மேலே எட்டி எட்டி நான் தலை சீவுவேன். நீ மூச்சை ஊதி, மங்கின இடத்தில் விரலால் என் காதை வரைந்து, "இது அண்ணனா, ஆனையா?" என்பாய். நான் சீப்பால் ஒன்று போடுவேன். இரண்டு பேருக்கும் சேர்த்து அம்மா போடுவாள்.

உன் அண்ணிக்கு இது பிடிக்கவில்லை. "நேர்ல போக முடியாதவங்க புதுசா ஏதாவது வாங்கி அனுப்பணும். இதை அனுப்பினா, பரணைக் காலி பண்றோம்னு நினைக்க மாட்டாங்களா?"

"புதுக் கண்ணாடியில அவ மூஞ்சி மட்டும்தான்டி தெரியும்."

அவள் அதற்கு இரண்டு போர்வை சுற்றி, பக்கத்து வீட்டுத் தையல்காரரைக் கூட்டிக்கொண்டு பார்சல் ஆபீஸுக்குப் போனாள். அங்கே இருந்தவர், "உடையிற சாமானாம்மா?" என்று கேட்டாராம். "உடைய வேண்டியது உடைஞ்சு வீட்டுல படுத்திருக்கு. நீங்க இதுல சீட்டை ஒட்டுங்க சார்" என்றாளாம்.

கண்ணாடி முன்னால் வரும், கடிதம் பின்னால் வரும். இனி அதன் முன்னால் மீட்டர்காரருக்கும் கொஞ்சம் இடம் விடு. இரண்டு பேரும் நிறைய நாள் சிரித்துக்கொண்டு இருங்கள்.

இப்படிக்கு,
வர முடியாத அண்ணன்

பி.கு.: கவரை ஒட்டுவதற்குள் டாக்டர் வந்து, காலை நீட்டிக்கொண்டால் ரயிலில் போகலாம் என்று சொல்லிவிட்டார். உன் அண்ணி டிக்கெட்டே வாங்கிவிட்டாள். ஆகவே மேலே எழுதியதை எல்லாம் மறந்துவிட்டு, மண்டபத்தில் முன்வரிசையில் எனக்கு இரண்டு நாற்காலி போட்டு வை. ஒன்று எனக்கு, ஒன்று காலுக்கு.