பதின்மூன்று கிராம் விவகாரம்

தாராவி,
ஞாயிற்றுக்கிழமை, பூசை முடிந்து வந்து எழுதுவது.

அன்பு மச்சினன் ஸ்டெர்லினுக்கு,

உன் அத்தான் அமிர்தநாதன் எழுதிக்கொண்டது. இங்கே நானும் உன் அக்கா அன்னமேரியும் பிள்ளை சுஜாவும் மாதாவின் தயவில் சுகம். டோம்பிவிலியில் நீயும் வீட்டாரும் தண்ணீர், கரண்ட், காலை ஏழு ஐம்பத்திரண்டு லோக்கல் ரயிலில் நிற்க ஒரு கால் இடம் ஆகிய மூன்றும் தட்டாமல் கிடைக்கப்பெற்றுச் சுகமாக இருக்க வேண்டுகிறேன். வாட்ஸ்அப் இருக்க அத்தான் ஏன் காகிதத்தில் எழுதுகிறார் என்று நினைப்பாய். உன் பிள்ளைகளுக்குத் தமிழ் பேசத்தான் வரும், வாசிக்க வராது. ஆகையால் இந்தக் கடிதம் உன் வீட்டு மேஜையில் ஒரு வருஷம் கிடந்தாலும் உன்னைத் தவிர ஒருவரும் அறியமாட்டார்கள். என் மானத்துக்கு இதைவிட நல்ல பூட்டு கிடையாது.

விஷயத்துக்கு வருகிறேன். "அத்தான், பெத்த பிள்ளை நடத்துன பாடத்துலயே ஃபெயிலாமே" என்று குடும்பக் குழுவில் நீ அனுப்பிய குரலைக் கேட்டேன். அதன் கீழே நீ போட்டிருந்த சிரிப்புப் பொம்மைகளை எண்ணினேன், பதினாறு. முன்பென்றால் "நிறைய" என்று விட்டிருப்பேன். படிப்பு மனுஷனை எந்த அளவுக்கு மாற்றிவிடுகிறது பார். உன் அக்கா உனக்குப் பாதிக் கதையைத்தான் சொல்லியிருக்கிறாள். அதுவும் எனக்கு அவமானமான பாதி. மீதியை நான் எழுதுகிறேன், பொறுமையாக வாசி.

கனகவள்ளி ஸ்நாக்ஸில் நான் இருபத்தேழு வருஷமாக மிக்சர் பொட்டலம் போடுகிறவன் என்பது உனக்குத் தெரியும். முதலாளி சிவனாண்டி அண்ணாச்சி இப்போது நாற்காலியில் மட்டும் உட்கார்ந்திருக்கிறார், ஓடி ஆடிப் பார்ப்பது அவர் மகன் ஜெயகணேஷ். ஒரு பெரிய கடைக் கம்பெனி, ஊர் முழுக்கக் கிளை உள்ளது, நம் மிக்சரை வாங்க வந்தது. சரக்கு பிடித்துவிட்டது. ஆனால் பொட்டலம் போடுகிற பன்னிரண்டு பேரும் வேலைக்கு வேண்டிய கணக்கு, எடை, விகிதம், படம் பார்த்துப் புரிந்துகொள்வது, நடந்ததை நாலு வரியில் எழுதுவது எல்லாம் படித்துச் சான்றிதழ் வாங்கியிருக்க வேண்டுமென்று ஒரு நிபந்தனை போட்டார்கள். எட்டாவதோடு பள்ளிக்கூடத்துக்கு விடுதலை கொடுத்தவன் நான். என்னைப் போய் மறுபடி பெஞ்சில் உட்காரச் சொன்னால் எப்படி இருக்கும். சரக்கு அறையில் எண்ணெய் டின்களைத் தள்ளிவிட்டு பெஞ்சு போட்டிருந்தார்கள். செம்பூரிலிருந்து டீச்சர் வருகிறார் என்றார்கள். தலை வாரி, பேனா வைத்துக்கொண்டு முதல் வரிசையில் உட்கார்ந்தேன். வந்தது யார் என்கிறாய், நம்ம சுஜா.

அவள் செம்பூர்ப் பயிற்சிக் கம்பெனியில் சேர்ந்து ரெண்டு மாசம், தாராவியில் ஒரு பேட்ச் எடுக்கப் போகிறேன் என்று வீட்டில் சொன்னாளே தவிர, எங்கே என்று சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. என் பக்கத்தில், என்னோடு பொட்டலம் போடுகிற ஷகீல் உட்கார்ந்திருந்தான். போன கிறிஸ்மஸுக்கு நம் வீட்டில் பிரியாணி சாப்பிட்டவன், அவளுக்கு முறைக்கு சலாம் வேறு போட்டவன். "அண்ணா, யே தோ அப்னா சுஜா ஹை, நம்ம சுஜா" என்று என் விலாவில் இடித்தான். அவள் எங்களைப் பார்த்தும் பாராதவள் போல, "சார், உங்க பேரு?" என்றாள். அவளுக்குப் பெயர் வைத்த எனக்கே என் பெயர் ஒரு நிமிஷம் மறந்துபோனது. "அமிர்தநாதன், மேடம்" என்றேன். சாயங்காலம் வீட்டில் சொன்னாள்: "அப்பா, எங்க பெரிய மேடத்துகிட்ட எல்லாம் சொல்லிட்டேன். பரீட்சைய வெளியாள் வந்து எடுப்பாரு. ஆனா இது என் முதல் பேட்ச். பன்னெண்டு பேரும் தேறினாத்தான் எனக்கு வேலை நிரந்தரம். ஒருத்தர் போனாலும் மூணு மாசத்தோட டாட்டா. அதனால தயவுசெஞ்சு நீங்க அந்த ஒருத்தரா இருந்துடாதீங்க." நான் நெஞ்சில் கை வைத்து, "உங்கப்பன் ஒரு நாளும் அப்படி இருக்கமாட்டான்" என்றேன். அந்த நெஞ்சிலிருந்த கைதான் பிற்பாடு எல்லா வில்லங்கத்துக்கும் காரணம்.

முதல் பாடம் சராசரி. ஒவ்வொருவரும் இருநூறு கிராம் பொட்டலம் மூன்று போட வேண்டும், அவள் புதுத் தராசில் வைத்துப் பலகையில் எழுதுவாள். ஷகீலுடையது நூற்றுத் தொண்ணூற்றொன்பது, இருநூற்றொன்று, இருநூறு. என்னுடையது இருநூற்றுப் பன்னிரண்டு, இருநூற்றுப் பதினாலு, இருநூற்றுப் பதின்மூன்று. "சார், ஏன் மூணுமே கூட இருக்கு?" என்றாள். சிவனாண்டி அண்ணாச்சி என்னை வேலைக்கு எடுத்த அன்றே சொன்னது, தராசு நின்ற பிறகு ஒரு கிள்ளு கொசுறு போடு, அதுக்காகத்தான் வந்தவன் திரும்பி வருவான் என்று. அன்றிலிருந்து முள் நின்றதும் என் கை என்னைக் கேட்காமலே டின்னுக்குள் போய் வரும். அவள் அதோடு விட்டாளா? பொட்டலத்துக்குப் பதின்மூன்று கிராம், நாளைக்கு எண்ணூறு பொட்டலம், வருஷத்துக்கு முந்நூறு நாள் என்று பெருக்கிக்கொண்டே போனாள். கடைசியில், "இருபத்தேழு வருஷத்துல சார் ஒருத்தரே போட்ட கொசுறு எண்பத்து நாலு டன்" என்று எழுதி அடிக்கோடிட்டாள். பெஞ்சே எழுந்து கைதட்டியது. ஷகீல், "அண்ணா, ரெண்டு லோக்கல் ட்ரெயின் டப்பா எடை தும் அகேலா, தனியாளா, ஃப்ரீயா குடுத்தே" என்றான். மறுநாள் அதையே பட்டை பட்டையாகப் படம் வரைந்து ஒட்டினாள். என் பட்டைக்கு மட்டும் தாள் போதாமல் இன்னொரு தாள் ஒட்டிச் சேர்க்க வேண்டியதாயிற்று. வாசலில் நின்று பார்த்த சிவனாண்டி அண்ணாச்சி திரும்பிப் போனார். சொல்லிக்கொடுத்தவருக்கும் அந்தப் பட்டையில் பாதி சேர வேண்டும் என்று அவருக்குப் பட்டிருக்கும்.

விகிதப் பாடத்தில் நான்தான் முதல். இருபத்தைந்து கிலோ மிக்சருக்கு ரெண்டு சதவீதம் மிளகாய்த்தூள் எவ்வளவு என்றதும், மற்றவர்கள் கைபேசியைத் தேடுவதற்குள் "அரை கிலோ" என்றேன். சுஜா முகத்தில் ஒரு வெளிச்சம் வந்தது, அதைப் பார்த்தே எனக்கு வயிறு நிறைந்தது. அரை கிலோவைச் சரியாக நிறுத்தேன். போட்டேன். போட்ட சந்தோஷத்தில் என் கை திரும்பவும் போய் வந்தது, அதுவும் அண்டா பெரிசாக இருந்ததால் அண்டாவுக்குத் தக்க கொசுறாக. அன்றைக்குப் பார்த்தா அந்தக் கடைக் கம்பெனி அதிகாரி ருசி பார்க்க வரவேண்டும்? ஜெயகணேஷ் அந்த அண்டாவிலிருந்தே ஒரு தட்டு அள்ளிக் கொடுத்துவிட்டார். பாவம், நல்ல மனுஷர், வாயைத் திறந்து ஒன்றும் குறை சொல்லவில்லை, சொல்ல முடியவில்லை. மூன்று சொம்பு தண்ணீர் குடித்து, கண்ணைத் துடைத்துக்கொண்டு, "அடுத்த வாரம் வரேன்" என்று சைகையில் சொல்லிப் போனார். ஜெயகணேஷ், "இது யாரு கை?" என்றார். பதினோரு தலையும் என் பக்கம் திரும்பியது. பன்னிரண்டாவது தலை என்னுடையது, அது தரையைப் பார்த்தது.

சுஜா என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை. "சரி, இதையே இன்னிக்கு எழுத்துப் பயிற்சியா வச்சுக்கலாம். நடந்தத அஞ்சு வரியில அறிக்கையா எழுதுங்க சார்" என்றாள். நான் நாலு பக்கம் எழுதினேன். "நலம், நலமறிய ஆவல்" என்றுதான் ஆரம்பித்தேன், எழுத்தென்றால் மரியாதை வேண்டாமா. சிவப்பு மையில் "சுருக்கவும்" என்று திருப்பிக் கொடுத்தாள். சுருக்கினேன்: "மிளகாய் கூடிவிட்டது. காரணம் நான். மன்னிக்கவும். அதிகாரி வீட்டில் அனைவரையும் விசாரித்ததாகச் சொல்லவும்." கடைசி வரியை அடித்துவிட்டு முழு மார்க் போட்டாள். அந்த வரிதான் எனக்குப் பிடித்த வரி.

பரீட்சைக்கு மாட்டுங்காவிலிருந்து ஒரு பெரியவர் வந்தார், மூக்குக் கண்ணாடியைத் தூக்கித் தூக்கிப் பார்க்கிற மனுஷர். எழுத்துப் பரீட்சையில் தேறிவிட்டேன், அதை உன் அக்கா உனக்குச் சொல்லியிருக்கமாட்டாள். செய்முறையில் பத்துப் பொட்டலம், இருநூறு கிராமுக்கு மேலே ரெண்டு கிராம், கீழே ரெண்டு கிராம் வரை மன்னிப்பு. இடது கையால் வலது கையைப் பிடித்துக்கொண்டு ஒன்பது பொட்டலம் போட்டேன், ஒன்பதும் பிசகவில்லை. பத்தாவதில் முடிந்ததே என்ற நிம்மதியில் பிடியை விட்டுவிட்டேன். இருநூற்றுப் பதின்மூன்று. பெரியவர் கண்ணாடியை இறக்கி, "ஒரு வாரம் டைம் தரேன், மறுபடி பண்ணிக் காட்டுங்கோ" என்றார். மற்ற பதினோரு பேரும் தேறிவிட்டார்கள். வகுப்பு கலைந்த பிறகு சுஜா பலகையைத் துடைத்துக்கொண்டே இருந்தாள். பலகையில் எழுத்து போய் வெகு நேரமாகியும் துடைத்தாள். நீ பதினாறு பொம்மை போட்டுச் சிரித்தது இந்த இடத்துக்குத்தான்.

அந்த ஒரு வாரம் எனக்கு வைத்தியம் நடந்தது. கொசுறு ஆசையை வேரோடு பிடுங்குவதாகச் சொல்லி, என் வாழ்க்கையில் கொசுறே இல்லாமல் ஆக்கினார்கள் தாயும் மகளும். மூணு தோசை என்றால் மூணுதான், ஓரத்தில் முறுகலாக ஒரு குட்டித் தோசை ஊற்றுவாளே உன் அக்கா, அது நிறுத்தம். சாம்பார் ஒரு கரண்டி. "இன்னும் கொஞ்சம்" என்று தட்டை நீட்டினால், "கொஞ்சம்னா எத்தன கிராம்?" என்கிறாள் உன் அக்கா. சாயங்கால ஜெபத்தில் எல்லாம் முடிந்த பிறகு நான் உன் வீட்டுக்காகவும் மழைக்காகவும் தனியாக ஒன்று சொல்வது வழக்கம். ஆமென் சொன்ன பிறகு வாயைத் திறந்தேன். "ஜெபத்துலயும் கொசுறாப்பா?" என்றாள் சுஜா. அந்த வாரம் உன் குடும்பத்துக்காக நான் வேண்டவில்லை. ஏதாவது குறை நடந்திருந்தால் காரணம் இதுதான், மன்னித்துக்கொள்.

என்ன பண்ணியும் கை கேட்கவில்லை. வியாழக்கிழமை சாயங்காலம் தாயும் மகளும் கடைக்குப் போயிருந்தார்கள். நான் ஒரு டின் மிக்சரையும் அடுப்படித் தராசையும் எடுத்து வைத்துக்கொண்டு, வெறுமனே ஒரு கிள்ளு எடுத்துத் தட்டில் போட்டுப் பார்த்தேன். பதின்மூன்று. இன்னொரு கிள்ளு, பதினாலு. இன்னொன்று, பன்னிரண்டு. ஐம்பது கிள்ளு போட்டு ஒவ்வொன்றையும் எழுதினேன். கூட்டினால் அறுநூற்றைம்பது. மேடம் சொல்லித் தந்தபடி ஐம்பதால் வகுத்தேன். பதின்மூன்று. ஸ்டெர்லின், இருபத்தேழு வருஷமாக என் கை ஒரே அளவுக் கிள்ளுதான் கிள்ளுகிறது. அப்படியிருக்க, நான் எதற்காக அந்தக் கையோடு மல்லுக்கட்ட வேண்டும்? அந்தக் கிள்ளு விழ இடம் விட்டு வைத்தால் போதாதா?

சனிக்கிழமை பெரியவர் வந்தார். ஜெயகணேஷ், சிவனாண்டி அண்ணாச்சி, ஷகீல் எல்லாரும் சுற்றி நின்றார்கள். சுஜா மட்டும் எண்ணெய் டின் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். நான் நூற்றெண்பத்தேழில் நிறுத்தினேன். "இன்னும் வேணுமே" என்றார் பெரியவர். நான் தராசைப் பார்க்கவேயில்லை, அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டே ஒரு கிள்ளு போட்டேன். இருநூறு. அடுத்தது இருநூற்றொன்று. அடுத்தது நூற்றுத் தொண்ணூற்றொன்பது. பத்தும் அப்படியே. "பாக்காமலே தூவறேளே, எப்படி?" என்றார். "அது சராசரி, சார்" என்றேன். சுஜா திரும்பிப் பார்த்தாள், சிரிப்பை அடக்க வாயைப் பொத்திக்கொண்டாள், கண் மட்டும் அடங்கவில்லை. சிவனாண்டி அண்ணாச்சி கிட்டே வந்து, "ஏலே அமிர்தம், கொசுறும் போட்டுட்ட, கூடவும் போடல. இந்த வித்தைய நான் கடை வச்ச அன்னிக்கே கண்டுபிடிச்சுச் சொல்றதுக்கென்னல?" என்றார்.

ஆக, பன்னிரண்டுக்குப் பன்னிரண்டு. சுஜாவுக்கு ஒரு வாரம் கழித்து, நேற்று நிரந்தரக் கடிதம் வந்துவிட்டது. கடைக் கம்பெனி அதிகாரியும் மறுபடி வந்து, முதலில் தண்ணீரைக் கையில் வாங்கி வைத்துக்கொண்டு ருசி பார்த்து, சரி என்றார். உன் அத்தான் இப்போது திருந்திய மனுஷன். அளவென்றால் அளவு, கூடவும் கிடையாது, குறையவும் கிடையாது. உன் மகன் ஏஞ்சலோ கோவிலில் முதல் நற்கருணை வாங்குகிற புதுநன்மை விருந்துக்கு நீ கேட்டபடி அரை கிலோ மிக்சர் பத்துப் பொட்டலம் ஷகீல் கையில் கொடுத்தனுப்புகிறேன். உல்லாஸ்நகரில் தன் அக்காள் வீட்டுக்குப் போகிற வழியில் டோம்பிவிலியில் இறங்கித் தருவான். எண்ணிப் பார், பத்து இருக்கும். பதினொன்றாவதைத் தேடாதே. அந்தக் காலம் போயிற்று.

சின்னவர்களுக்கு என் முத்தம், உன் வீட்டுக்காரிக்கு எங்கள் அன்பு. நீ ஏறுகிற பெட்டியில் உட்கார இடமும், உட்கார்ந்த இடத்தில் காற்றும் ஆண்டவர் உனக்கு அருள்வாராக.

இப்படிக்கு,
சான்றிதழ் பெற்ற உன் அத்தான்,
அமிர்தநாதன்

பி.கு.: பார்சலைக் கட்டுமுன் கடைசியாக ஒரு தரம் எண்ணினேன். பதினொன்று இருக்கிறது. பதினொன்றாவது கம்பெனிப் பொட்டலமில்லை, வீட்டு டின்னிலிருந்து அள்ளி ரப்பர் பேண்டு போட்டது. மாதா சாட்சியாக நான் போடவில்லை. உன் அக்காவைக் கேட்டேன், அவளும் இல்லை. கண்ணாடி முன்னால் தோடு மாட்டிக்கொண்டிருந்த மேடத்தைக் கேட்டேன். "மாமா வீட்டுக்கு எண்ணி வச்ச மாதிரி பத்தா அனுப்புவாங்க? குறைஞ்ச மாதிரி இருக்காதாப்பா?" என்கிறாள். சரிதான் என்று அதை எடுத்து அடுப்படித் தராசில் வைத்துப் பார்த்தேன். ஐந்நூற்றுப் பதின்மூன்று.