மணமேல்குடியில் நான் எழுப்பிய அலை

சினிமாவுக்குச் சத்தம் சேர்க்கிறேன் என்று சொல்லிக்கொண்டு பெண் கேட்டுப் போனால், யாரும் உடனே தலையாட்டிவிட மாட்டார்கள். நான் இலுப்பூர்க்காரன். அப்போது ஒரு சின்னப் படத்துக்குப் பின்னணி இசை, ஒலி வடிவமைப்பு இரண்டையும் தனியாளாகச் செய்துகொண்டிருந்தேன். (இரண்டு ஆள் வைக்கத் தயாரிப்பாளருக்கு வழியில்லை.)

மணமேல்குடியில் பெண் பார்த்தார்கள். பெயர் கலைச்செல்வி. பார்த்ததுமே எனக்குப் பிடித்துவிட்டது. ஜெகதாப்பட்டினத்தில் இரண்டு விசைப்படகு வைத்திருந்த அவள் அப்பாவுக்குத்தான் என் தொழில் பிடிபடவில்லை.

"சவுண்டுன்னா... மைக் செட்டுங்களா தம்பி?"

"இல்லைங்க. படத்துல காத்து, மழை, கடல்னு கேக்குதுல்ல, அதெல்லாம் நாங்க வைக்கிறது."

"நீங்க வைக்காட்டி கேக்காதா?"

நியாயமான கேள்வி. வாயை வைத்துக்கொண்டு சும்மா இராமல், படத்தைப் பார்க்கக் குடும்பத்தோடு வரச் சொன்னேன். மணமேல்குடிக் கடற்கரையில் எடுத்த படம் என்பதால், அதில் நடித்த ஊர்க்காரர்களுக்கு அங்கேயே ஒரு கல்யாண மண்டபத்தில் போட்டுக்காட்ட இயக்குநர் ஏற்பாடு செய்திருந்தார்.

"சரி, பாத்துட்டு முடிவு சொல்றோம்" என்றார் அவள் அப்பா.

படப்பிடிப்புக்கு நான் போகவே இல்லை என்பதை இங்கே சொல்லிவிட வேண்டும். கடல் என்றால் கடல்தானே என்று, சென்னையில் பதிவு செய்த அலையை மூன்று அடுக்காக வைத்து, போதாததற்கு மேலே வயலினும் சேர்த்திருந்தேன். (அன்றைக்கு என்னை நானே மேதை என்று நினைத்திருந்தேன்.)

கதாநாயகன் கரையில் தனியாக உட்கார்ந்து அழும் காட்சி வந்தது. ஸ்பீக்கரில் என் அலை புறப்பட்டது. மண்டபத்தில் பாதிப் பேர் எழுந்துவிட்டார்கள்.

"என்னப்பா, புயலா?" என்றார் ஒருவர். பின்வரிசையில் தொடங்கிய சிரிப்பு அந்தச் சோகக் காட்சி முழுக்க ஓயவில்லை. இயக்குநர் என் பக்கம் திரும்பவே இல்லை.

படம் முடிந்ததும் அவள் அப்பா வந்தார்.

"தம்பி, அது எந்த ஊருக் கடலு?"

"இந்த ஊருதாங்க."

"இங்கிட்டு அலையே கிடையாதே!"

மறுநாள் காலையில் அவரே என்னைக் கரைக்குக் கூட்டிப் போனார். கடல் ஏரி மாதிரிக் கிடந்தது. மைக்கை நீட்டி, ஹெட்போனை மாட்டிக்கொண்டு ஒரு மணி நேரம் நின்றேன். சேற்றைத் தண்ணீர் தொட்டுப் போகும் சின்னச் சத்தம், தூரத்தில் ஒரு படகு இன்ஜின், அவ்வளவுதான். எனக்கு வெட்கமாக இருந்தது. பெண்ணும் போச்சு என்று முடிவு கட்டிவிட்டேன்.

அவர் ஹெட்போனை வாங்கிக் காதில் வைத்தார். வெகுநேரம் கழற்றவே இல்லை.

"இதுதான் தம்பி எங்க கடலு. இதைப் போடுங்க. போட்டுட்டு வீட்டுக்கு வாங்க, பேசுவோம்."

போட்டேன். வயலினையும் தூக்கிவிட்டேன். தியேட்டரில் அந்தக் காட்சிக்கு யாரும் சிரிக்கவில்லை. இன்றுவரை ஒரு ஊரில் போய் நின்று கேட்காமல் அந்த ஊருக்கு நான் சத்தம் வைப்பதில்லை.

கல்யாணமாகிப் பதினோரு வருடம் ஆகிறது. வீட்டில் நான் எதையாவது கொஞ்சம் கூட்டிச் சொன்னால் போதும், "இங்கிட்டு அலை கிடையாதுங்க" என்பாள் கலைச்செல்வி. பிள்ளைகளும் கற்றுக்கொண்டுவிட்டார்கள்.

இந்தக் கட்டுரையையும் அவளிடம்தான் முதலில் படிக்கக் கொடுத்தேன். 'பாதிப் பேர் எழுந்துவிட்டார்கள்' என்ற இடத்தில் நிறுத்தி என்னைப் பார்த்தாள்.

"இங்கிட்டு அலை கிடையாதுங்க. எந்திரிச்சது ரெண்டே பேரு. அதுல ஒருத்தரு பாத்ரூம் போக எந்திரிச்சாரு."